முற்றத்தில் விரித்த மணல்

சத்தியராஜுக்கு இரண்டு விசுவாசங்கள் உண்டு. ஒன்று ஞாயிற்றுக்கிழமை சபையில் உட்கார்ந்திருக்கும்போது வருவது. மற்றது கடற்கரை மணலின்மேல் வைத்தது. முதலாவதில் பிரசங்கம் நீண்டால் தூங்கிவிடுவார். இரண்டாவதில் அவர் ஒருநாளும் கண் அசந்தது கிடையாது.

மணலைத் தரம் பிரிக்கும் ஆலையில் காந்தப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். ஓய்வு அவருக்குத்தான், வாய்க்கு இல்லை. வீட்டுக்கு யார் வந்தாலும் சாயாவுக்கு முன்னால் ஒரு தட்டில் மணல் வந்துவிடும். கையில் காந்தத்தை எடுத்துக்கொள்வார். கறுப்பாக இருக்கிற இல்மனைட் பாய்ந்து வந்து ஒட்டும். சிவப்பு கார்னெட் கொஞ்சம் யோசித்துவிட்டு வரும். மோனசைட் என்கிற மஞ்சள் பொடி மட்டும் அசையாது. அதை அசைக்க ஆலையில் இருக்கிற பெரிய காந்தம் வேண்டும்.

"இவந்தான் ராஜா. சின்னக் காந்தத்துக்கு மதிப்பு குடுக்கமாட்டான்," என்பார். "ஒங்க போனு சத்தம் போடுகே, அதுக்க உள்ள இருக்க நியோடிமியம் இவனுக்க வயித்துல உள்ளதாக்கும். லைட்டருல பொறி பறக்குகே, அது சீரியம். பண்டு கல்யாண வீட்டுல பெட்ரோமாக்ஸ் வெட்டம் தந்துதே, அதுக்க மேன்டில் வலையில இருந்தது தோரியம். யுரேனியமும் கொஞ்சம் கெடக்கு. சும்மா மண்ணுன்னு நெனைக்கப்பிடாது."

"வாற ஆளுக்கு எல்லாரும் பழம் குடுப்பாவ. இவரு மண்ணு குடுக்காரு," என்பாள் மனைவி நேசபாய். அதை அவர் காதில் போட்டுக்கொண்டதே இல்லை.

போட்டுக்கொண்டிருக்க வேண்டும். மகள் அஜிஷாவுக்கு வயது ஏறிக்கொண்டே போனது. பள்ளிக்கூடத்தில் டீச்சர், பார்க்க லட்சணமானவள், வாயாடி இல்லை. இருந்தும் இரண்டு சம்பந்தங்கள் கைக்கு எட்டியபின் நழுவிவிட்டன. காரணத்தை யாரும் முகத்துக்கு நேரே சொல்லவில்லை. தரகர் மத்தியாஸ்தான் மென்று விழுங்கிச் சொன்னார்: "கடப்புறத்து மணலுல கதிரு இருக்காம். நாளைக்கு பிள்ளைக்கு ஒரு கொறைன்னு வந்தா யாருட்ட போய் கேக்கதுன்னு பயப்படுகாவ."

சத்தியராஜுக்குக் கோபம் தலைக்கேறியது. இதே மணலில் பிறந்து, இதே மணலில் புரண்டு வளர்ந்து, கிடாவைப் போலத் திரிகிற தன்னைப் பார்த்தால் தெரியவில்லையா? அன்றைக்கே ஆன்லைனில் ஒரு கதிர்வீச்சு மீட்டருக்குப் பணம் கட்டினார். கைக்குள் அடங்குகிற சின்னப் பெட்டி. அளவு மீறினால் கூவும். கூடத்தில் வைத்துப் பார்த்தார், கூவவில்லை. படுக்கையறையில் கூவவில்லை. சிமென்ட் தரையும் டைல்சும் போட்ட வீட்டுக்குள் அது ஏன் கூவப்போகிறது? ஆனால் அதை யோசிக்கிற நிலையில் அவர் இல்லை. கேட்கிறவன் வாயை அடைக்க ஒரு சாட்சி கிடைத்துவிட்டது, அது போதும்.

மூன்றாவதாக வந்ததுதான் ஜெபிஷின் சம்பந்தம். பையன் ஆரல்வாய்மொழியில் ஒரு காற்றாலைக் கம்பெனியில் இன்ஜினியர். அப்பா ஜெயசிங் மார்த்தாண்டம் பக்கம் லாரிகள் வைத்து ஓட்டுகிறவர். இரண்டு வீட்டாரும் சம்மதித்து, பையனும் பெண்ணும் போனில் பேசத் தொடங்கியிருந்தார்கள். போன் வந்தால் அஜிஷா கிணற்றடிக்குப் போய்விடுவாள். அங்கிருந்து அவள் சிரிப்பு மட்டும் அடுக்களை வரைக்கும் வரும். நேசபாய் கறி கிண்டுவதை நிறுத்திவிட்டு, "கர்த்தாவே, இதையாவது நடத்தித் தாரும்," என்பாள்.

உறுதி பேச அவர்கள் வருகிற நாள் குறித்தாயிற்று. நல்ல காரியத்துக்கு முற்றத்தில் புதுமணல் விரிப்பது அந்தப் பக்கத்து வழக்கம்.

"ஆத்து மணலு ஒரு டெம்போ சொல்லுங்க," என்றாள் நேசபாய்.

"கடலு ஒதுக்கித் தந்த சரக்கு கையெட்டுத தூரத்துல கெடக்கு. ஆத்து மணலா? நாலு பேரு சிரிப்பாவ."

ஆடிக் கடல் சீறி அடங்கியிருந்த சமயம். கரை முழுக்கக் கருமணல் வரிவரியாகக் கிடந்தது. அள்ளக் கூடாது என்று போர்டு உண்டு. கல்யாணக் காரியம் என்றால் போர்டும் கண்ணை மூடிக்கொள்ளும். கறுப்பு எங்கே கனமாக இருக்கிறதோ அங்கே பார்த்துப் பார்த்து வாரச் சொன்னார். முற்றம் நிறைய விரித்து, மேலே பந்தல் போட்டு, நாற்காலிகளை வரிசையாக வைத்தபோது அவருக்கே கண் நிறைந்துபோனது. வெயில் சாய்ந்து விழுந்த இடமெல்லாம் மணல் பட்டுச் சேலையைப் போல மின்னியது.

வந்தார்கள். ஜெபம் நடந்தது. அஜிஷா சாயா கொண்டுவந்தாள். ஜெபிஷ் அவளைப் பார்த்துச் சிரித்ததை எல்லோரும் பார்த்தும் பார்க்காததுபோல இருந்தார்கள். அதுவரைக்கும் எந்தக் குறையும் இல்லை. சத்தியராஜ்கூட மணலைப் பற்றி ஒரே ஒரு வார்த்தைதான் சொன்னார்: "மோனே, ஒனக்க காத்தாடிக்க வயித்துல இருக்க காந்தத்துக்கு வேண்டியது நம்ம கரையில கெடக்குது கேட்டியா." பையன் மரியாதையாகத் தலையாட்டினான்.

பையனின் அம்மா லில்லிபாய் முந்திரிக்கொத்தைக் கடித்தபடி, மெல்லக் கேட்டாள்: "தப்பா எடுக்கப்பிடாது. இந்தக் கரையில என்னமோ கதிரு இருக்குன்னு சொல்லுகாவளே. உள்ளதா?"

நேசபாய் கணவனின் முழங்கையைப் பிடித்து அழுத்தினாள். பேசாமல் இரும் என்று அர்த்தம். அவளுக்கு இருந்த புத்தியில் பாதி இவருக்கு இருந்திருந்தால் கதை இங்கேயே நல்லபடியாக முடிந்திருக்கும்.

"நல்ல கேள்வி கேட்டிய," என்று எழுந்தார். "வாயால சொன்னா நம்பமாட்டாவ. மெஷினு சொல்லட்டு." உள்ளே போய் மீட்டரை எடுத்துவந்து, எல்லோரும் பார்க்கும்படி, லில்லிபாயின் காலடியில் மணல்மேல் வைத்தார்.

பெட்டி ஒரு கணம் சும்மா இருந்தது. பிறகு விட்டுவிட்டுக் கூவத் தொடங்கியது. அப்புறம் விடாமல் கூவியது.

லில்லிபாய் இரண்டு காலையும் தூக்கி நாற்காலிக் கம்பியில் வைத்துக்கொண்டாள். பாதி கடித்த முந்திரிக்கொத்து தட்டுக்குத் திரும்பியது. ஜெயசிங் செருப்பைத் தேடினார். சத்தியராஜ் குனிந்து மீட்டரைத் தட்டினார், அணைக்கப் பார்த்தார், பதற்றத்தில் பொத்தான் அகப்படவில்லை.

"இதுல பயப்படுகதுக்கு ஒண்ணும் இல்ல. பிளேன்ல போனாலும் இது கூவும். பாறைக்க மேல வீடு வச்சிருக்க ஆளு வீட்டுலயும் கூவும். அளவுன்னு ஒண்ணு உண்டும்லா..."

அவர் சொன்னதில் பொய் எதுவும் இல்லை. கூவுகிற பெட்டியைக் கையில் வைத்துக்கொண்டு சொன்னதுதான் கோளாறு. கதவுக்குப் பக்கத்தில் நின்ற அஜிஷா அப்பாவைப் பார்க்கவில்லை, ஜெபிஷைப் பார்த்தாள். அவன் போனைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

மரியாதையாகத்தான் கிளம்பினார்கள். காரில் ஏறுவதற்கு முன்னால் செருப்பை ஒன்றோடொன்று தட்டி மணலை உதறினார்கள். அந்தச் சத்தம் சத்தியராஜின் காதிலேயே கிடந்தது.

இரண்டு நாள் கழிந்து மத்தியாஸ் போன் செய்தார். "அவிய ஜெபத்துல வச்சுப் பாத்தாவளாம், சாரே. கர்த்தருக்குச் சித்தம் இல்லன்னு சொல்லச் சொன்னாவ."

கர்த்தரை இழுத்துவிட்டால் அதற்குமேல் யாரிடம் வழக்காடுவது? அஜிஷா அவனை ஒருதடவை கூப்பிட்டாள். "அம்மா பயப்படுகா," என்றானாம். தனக்குப் பயமா இல்லையா என்று அவன் சொல்லவில்லை, அவளும் கேட்கவில்லை.

மறுநாள் பள்ளிக்கூடத்துக்கு லீவு போட்டுவிட்டு, மண்வெட்டியை எடுத்து முற்றத்து மணலை வாரத் தொடங்கினாள். சட்டி சட்டியாக வீட்டை ஒட்டிய தங்கள் தோப்பில் தென்னை மூட்டில் கொண்டு கொட்டினாள். சத்தியராஜ் உதவிக்குப் போனபோது மண்வெட்டியைக் கொடுக்கவில்லை.

"நம்ம மண்ணு ஊரெல்லாம் போவுது, உலகமெல்லாம் போவுது," என்றாள் குனிந்தபடியே. "நான் மட்டும் எங்கயும் போவண்டாம். அப்படித்தானப்பா?"

மகளின் வாழ்வைத் தன் கையாலேயே, அதுவும் பெருமை பேசப் போய், கெடுத்துவிட்டோம் என்பது அன்றுதான் அவருக்கு முழுசாக உறைத்தது. அதன்பிறகு வந்தவர்களுக்குச் சாயா மட்டும் கிடைத்தது. மீட்டர் அலமாரியின் அடித்தட்டுக்குப் போனது.

அடுத்த வருஷம் அந்தக் கரைக்கு ஒரு செய்தி வந்தது. மணல் எடுக்கப் புதிய இடங்களைக் குத்தகைக்கு விடப்போகிறார்களாம். உள்ளதோ பொய்யோ, தோப்புகளை வாங்க ஆட்கள் வரத் தொடங்கிவிட்டார்கள். அப்படி ஒருநாள் வாசலில் வந்து நின்ற வெள்ளைக் காரிலிருந்து ஜெயசிங் இறங்கினார்.

நடந்தது எதுவும் நடக்காததுபோல ஒரு சிரிப்பு. "சாருக்க தோப்பைப் பத்தித்தான் பேச வந்தேன். நல்ல விலை தருவேன்." ஜெபிஷுக்குக் கல்யாணம் ஆகிவிட்டதாம், மருமகள் மாசமாக இருக்கிறாளாம். அதையும் கேட்காமலேயே சொன்னார்.

பேசிக்கொண்டே தோப்புக்கு நடந்தார். தென்னை மூட்டில் கறுத்துக் கிடந்த மணலைக் கண்டதும் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு குத்தவைத்தார். கை நிறைய அள்ளினார். ஒரு கையிலிருந்து மறு கைக்கு ஒழுகவிட்டார். விரலால் தேய்த்து, வெயிலுக்கு நேரே பிடித்துப் பார்த்தார்.

"அசல் சரக்காக்கும்," என்றார்.

"பின்னே? மோனசைட்டு இந்தக் கரையில இருக்கது மாதிரி..." என்று சத்தியராஜ் ஆரம்பித்தேவிட்டார். பழக்கம் பொல்லாதது. பாதியில் நாக்கைக் கடித்துக்கொண்டு திரும்பிப் பார்த்தபோது, அஜிஷா ஒரு செம்பு நிறையத் தண்ணீரோடு வந்துகொண்டிருந்தாள்.

"கைய நீட்டுங்க மாமா. நல்லா கழுவிட்டுப் போங்க," என்றாள். குரலில் கோபம்கூட இல்லை. "வீட்டுல மாசமா இருக்க பெண்ணு இருக்குல்லா."

ஜெயசிங் ஒரு கணம் அவளைப் பார்த்தார். பிறகு கையை நீட்டத்தான் செய்தார். அவள் ஊற்ற ஊற்ற விரல் இடுக்கெல்லாம் தேய்த்து, நகக்கண்ணை நோண்டி, பயந்த பிள்ளையைப் போல ஒழுங்காகக் கழுவினார். கறுப்பு மணல் தண்ணீரோடு இறங்கி அவள் காலடியில் தங்கியது. செம்பு காலியானதும் அவள் திரும்பி வீட்டுக்குள் போய்விட்டாள்.

துண்டில் கையைத் துடைத்துக்கொண்டு ஜெயசிங் தொண்டையைச் செருமினார். "பின்ன, தோப்புக் காரியம் என்ன சொல்லுகிய, சாரே?"

சத்தியராஜ் அவருடைய முகத்தை நிதானமாகப் பார்த்தார்.

"ஜெபத்துல வச்சுப் பாக்கட்டு," என்றார். "கர்த்தருக்குச் சித்தம் இல்லன்னா, மத்தியாஸ்ட்ட சொல்லி விடுகேன்."