கலீரென்னும் சொல்

குருநாதன் களத்திலிருந்து ஒரு மிளகாய் வத்தலை எடுத்துக் காதோரம் வைத்து ஆட்டினார். ஒன்றும் கேட்கவில்லை. அதைப் போட்டுவிட்டுக் கொஞ்சம் தள்ளிப் போய் இன்னொன்றை எடுத்தார். அதுவும் வாய் திறக்கவில்லை.

"இன்னும் காயல" என்றார், பொதுவாக, வெயிலைப் பார்த்து.

களத்தின் மறு ஓரத்தில் அவர் மனைவி உமாமகேஸ்வரி காலால் வத்தலைக் கிளறிவிட்டபடி நடந்துகொண்டிருந்தாள். நின்று அவரைப் பார்த்தாள். ஏதோ சொல்ல வந்தவள்போல உதடு பிரிந்தது. பிறகு சேலைத் தலைப்பை நெற்றிக்கு இழுத்துவிட்டுக்கொண்டு மறுபடி கிளற ஆரம்பித்தாள்.

உத்தரகோசமங்கைக்கும் சிக்கலுக்கும் நடுவில் கிடக்கும் அந்த ஊரில் விளைவது குண்டு மிளகாய். உருண்டு, பெரிய இலந்தைப் பழம்போல இருக்கும். பழமாக இருக்கும்போது ஆட்டினால் சத்தமே வராது. பாதி காய்ந்தால் சருகை மிதித்த மாதிரி ஒரு சரசரப்பு. முழுக்கக் காய்ந்தபின் உள்ளே விதைகள் எல்லாம் கழன்று, விறைத்த தோலில் மோதிச் சிணுங்கும். அந்தச் சத்தத்துக்கு ஊரில் ஒரே சொல்தான். கலீர்.

மணிக்கு உரிய சொல் அது. ஆனால் எல்லா மணிக்கும் அதைச் சொல்லிவிட முடியாது. காளி கோயிலில் தொங்கும் பெரிய மணி கணீரென்றுதான் அடிக்கும். தனியாக நின்று, நீளமாக இழுத்து, ஊர் எல்லைவரை போய்த் திரும்பும் ஒலி அது. கலீர் என்பது சின்ன மணிகளுக்கு. ஒன்றை ஒன்று முந்திக்கொண்டு, முடியும் முன்பே சிதறிப்போகிறவற்றுக்கு. மாட்டின் கழுத்துச் சலங்கைக்குச் சொல்லலாம், கொலுசுக்குச் சொல்லலாம், சில பெண்களின் சிரிப்புக்குச் சொல்லலாம். ஓட்டில் விழும் மழைக்கு யாரும் சொல்வதில்லை. வத்தலுக்குச் சொல்வார்கள்.

அதையும் எல்லாரும் சொல்லிவிட முடியாது. களத்துக்கு உரியவர் வாயால்தான் அந்தச் சொல் வர வேண்டும். அவர் ஆட்டிப் பார்த்துக் கலீர் என்ற பிறகுதான் பரணிலிருந்து சாக்கு இறங்கும். வேறு வாய் முந்திக்கொண்டால் மூடைக்குள் பூசணம் பிடிக்கும் என்று ஒரு பேச்சு. குருநாதனுக்கு அதில் பெரிய நம்பிக்கை இல்லை. ஆனாலும் அவருடைய அய்யா சொல்லி, அவர் சொல்லி, அந்த வீட்டில் வேறு யாரும் இதுவரை சொன்னதில்லை.

இந்த வருசம் அந்தச் சொல் வரவில்லை. ஊரில் மற்ற களங்கள் எல்லாம் கூட்டிப் பெருக்கிக் கிடந்தன. இவர் வத்தல் மட்டும் காலையில் விரிவதும் மாலையில் குவிவதுமாக இருந்தது. சிவப்பு மெல்ல இறங்கி, அங்கங்கே வெள்ளை விழத் தொடங்கியிருந்தது. வெயில் அதிகம் தின்ற வத்தல் அப்படித்தான் ஆகும். காய்ந்தது வெளுக்கலாம், காயாதது எப்படி வெளுக்கும்? அவருக்குப் புரியவில்லை. கடல் காற்றில் ஈரம் கூடிவிட்டது என்று நினைத்துப் பார்த்தார். விதையில் கோளாறு என்று நினைத்துப் பார்த்தார். எதுவும் மனசுக்கு ஒட்டவில்லை.

வண்டிச் சத்தம் கேட்டது. காளீஸ்வரன், உமாமகேஸ்வரியின் தம்பி. டூவீலரை உடைமரத்தடியில் நிறுத்திவிட்டுக் களத்துக்கு வந்தான்.

"என்ன மச்சான், வத்தலக் காயப் போட்டிருக்கீகளா, வறுத்துக்கிட்டு இருக்கீகளா?"

"ஏலே மாப்ள, வந்த சோலியப் பாரு."

"ஊருல உள்ளவுக எல்லாம் அள்ளி மூடை போட்டாச்சு. ஒங்க களம் மட்டுந்தான் கல்யாணம் முடிஞ்ச வீட்டுப் பந்தல் கணக்கா பிரிக்காமக் கெடக்கு."

"சத்தம் வரலடா. வராம எப்படி அள்ளுறது?"

காளீஸ்வரன் குனிந்து ஒரு வத்தலை எடுத்தான். ஆட்டினான். அவன் முகம் ஒரு கணம் மாறியது. அக்காவைப் பார்த்தான். அவள் தலையை இலேசாக அசைத்து வேண்டாம் என்றாள். அவன் வத்தலை நழுவவிட்டான். குருநாதன் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். அக்காவும் தம்பியும் தன்னைக் கேலி பேசுகிறார்கள் என்று எடுத்துக்கொண்டார்.

"தெக்க மேகம் கூடுது மச்சான். பொழுது சாயக் கொட்டுனாலும் கொட்டும். அப்புறம் இத அள்ளி ஆட்டுக்குக்கூடப் போட முடியாது."

"போடா. நீ போயி மேகத்துக்குக் காவலிரு."

அவன் போனான். வண்டி வாய்க்கால் பாலத்தைத் தாண்டும்வரை அதன் உறுமல் அவருக்குத் தெளிவாகக் கேட்டது.

காது நன்றாக இருக்கிறது என்பதில் அவருக்குச் சந்தேகமே வந்ததில்லை. காளி கோயில் மணி கேட்கிறது. பேருந்தின் ஆரன் கேட்கிறது. மச்சினன் கேலி ஒரு எழுத்து விடாமல் கேட்கிறது. உலகம் கொஞ்சம் அடங்கிவிட்டது, அவ்வளவுதான். முன்பெல்லாம் மதியத்தில் அணில்கள் கத்தித் தீர்க்கும். இப்போது அவை கத்துவதில்லை. அடுப்படியில் ஏனங்கள் உருளுவதில்லை. மகளைக் கட்டிக் கொடுத்த பின் உமாவும் பேச்சைக் குறைத்துக்கொண்டாள். பேசினாலும் வாய்க்குள்ளேயே பேசுகிறாள். அவருக்கு அது குறையாகத் தெரியவில்லை. வயசுக்குக் கிடைத்த வரம்போல அந்த அமைதிக்குள் இறங்கி உட்கார்ந்துகொண்டார். பல நாள் ஒரு வார்த்தை பேசாமலே பொழுது விடிந்து அடைந்திருக்கிறது. கிணற்று நீருக்குள் இருப்பதுபோல, மேலே எங்கோ வெளிச்சம் ஆடுவதுபோல, சுகமாகத்தான் இருந்தது.

வெயில் உச்சிக்கு வந்தது. அவர் உடைமர நிழலில் துண்டை விரித்துச் சாய்ந்தார்.

கண் அசந்தபோது கடல் வந்திருந்தது. களத்தின் விளிம்புவரை, அலை இல்லாமல், கண்ணாடிபோல. வத்தல்கள் அதன்மேல் மிதந்தன. ஒவ்வொன்றும் ஒரு சின்ன மணி. காற்றடித்தால் எல்லாம் ஒன்றாகச் சாய்ந்தன, ஒன்றாக நிமிர்ந்தன. அவர் இடுப்பளவு நீரில் நின்று ஒன்றைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தார். உள்ளே நாக்கு இருந்தது. அடித்துக்கொண்டும் இருந்தது.

விழித்தபோது தரையெங்கும் கால்கள். ஆடுகள் போய்க்கொண்டிருந்தன. கானலில் அவற்றின் உடம்புகள் நடுங்கிக் கரைந்து மறுபடி கூடின. முன்னால் போன கிடாயின் கழுத்தில் ஒரு கொத்து மணி. அடிக்கு அடி அந்த மணிகள் குதித்தன, ஒன்றன்மேல் ஒன்று மோதின. சத்தம் இல்லை. குருநாதன் அசையாமல் பார்த்தார். கனவு இன்னும் முடியவில்லை என்று நினைத்தார்.

"ஏய்ய், அங்கிட்டுப் போ! வத்தல்ல வாய வச்சா ஒனக்குத்தான் எரியும்!"

பஞ்சம்மாளின் குரல். கம்பைத் தோளில் குறுக்கே போட்டுக்கொண்டு வந்தாள். பக்கத்து ஊர்க்காரி, அறுவடை முடிந்த காடுகளில் ஆடு மேய்ப்பவள். அவள் குரல் கேட்டது. குளம்புகள் மண்ணை மிதிக்கும் பொதபொதப்பும் கேட்டது. அவர் எழுந்து உட்கார்ந்தார்.

"பஞ்சம்மா, கெடா மணிய எதுக்கு அடச்சு வச்சிருக்க? துணி கிணி திணிச்சிருக்கியா?"

"மணிய அடைக்கவா? நல்லாக் கேட்டீக போங்க! அது போடுற சத்தத்துல ஒரு மதியம் கண்ணசர முடியல. எட்டூருக்குக் கலீர் கலீர்ங்குது. நீங்க என்ன, தூக்கக் கலக்கமா?"

அவர் எழுந்து போய்க் கிடாயின் கொம்பைப் பிடித்தார். அது தலையை உதறியது. முகத்துக்கு நேரே, ஒரு முழத் தூரத்தில், மணிகள் சிதறி ஆடின. ஒவ்வொன்றின் நாக்கும் சுவரில் போய்ப் படுவதைக் கண்ணால் பார்த்தார். விரலை நீட்டி ஒரு மணியைத் தொட்டார். விரல் நுனியில் பொடிப் பொடியாக ஓர் அதிர்வு, எறும்பு ஊர்வதுபோல.

கையை எடுத்துக்கொண்டார்.

"நல்ல மணி" என்றார்.

பஞ்சம்மாள் அவரை ஒரு மாதிரிப் பார்த்துவிட்டு ஆடுகளை ஓட்டிக்கொண்டு போனாள். மந்தை கானலுக்குள் இறங்கியது. போகும் மணியோசை தூரத்தில் தேய்ந்து தேய்ந்து அடங்குவது எப்படி இருக்கும் என்று அவருக்கு ஞாபகம் இருந்தது. இப்போது தேய்வதற்கு ஒன்றும் இல்லை.

நிழலில் நின்றபடி யோசித்தார். அப்படியென்றால் அணில்கள் கத்திக்கொண்டுதான் இருக்கின்றன. ஏனங்கள் உருண்டுகொண்டுதான் இருக்கின்றன. பெரிய மணியை விட்டு வைத்துவிட்டு, சின்ன மணிகளை மட்டும் யாரோ பொறுக்கி எடுத்துப் போயிருக்கிறார்கள். வத்தல் என்றைக்கோ காய்ந்துவிட்டது. தினமும் அவர் காதருகே அது சொல்லிக்கொண்டே இருந்திருக்கிறது. அவர்தான் அதை மறுபடி மறுபடி வெயிலில் போட்டு வெளுக்க வைத்திருக்கிறார்.

தெற்கே மேகம் கறுத்துக்கொண்டு வந்தது. காற்று திசை மாறி ஈர மண்ணின் வாடையை ஒருமுறை கொண்டுவந்து காட்டிவிட்டுப் போனது.

வழி சுலபமானதுதான். களத்தில் இறங்கி, ஒரு வத்தலை எடுத்து ஆட்டி, சொல்லிவிடலாம். யாருக்கும் தெரியப்போவதில்லை. அடுத்த வருசம் நிறத்தைப் பார்த்துச் சொல்லலாம். அதற்கடுத்த வருசமும்.

இறங்கினார். எடுத்தார். ஆட்டினார். வாயைத் திறந்தார்.

சொல் வரவில்லை. சத்தம் இருந்த காலத்தில் அந்தச் சொல் தானாக வாயில் வந்து விழும். இப்போது அதைத் தேடி எடுத்துச் சொல்ல வேண்டியிருந்தது. உள்ளே ஒன்றும் இல்லாத நெற்றுபோல அது நாக்கில் கிடந்தது. அதைச் சொல்லி இந்த மூடைகளைக் கட்டினால், அப்புறம் வேறு எந்தச் சொல்லைத்தான் அவர் உண்மையாகச் சொல்வார்?

உமாமகேஸ்வரி தார்ப்பாயை இழுத்துக்கொண்டு வந்தாள். மேகத்தைப் பார்த்துவிட்டுத் தானாகவே குவிக்கத் தொடங்கினாள். அவர் அவள் முன்னால் போய் நின்றார்.

"உமா."

அவள் நிமிர்ந்தாள். அவர் வத்தலை அவள் உள்ளங்கையில் வைத்தார்.

"ஆட்டிப் பாரு."

"நானா?"

"எனக்குக் கேட்கல."

"நல்லா ஆட்டுனா..."

"வத்தலச் சொல்லல. எனக்குத்தான் கேட்கல. பஞ்சம்மா கெடா மூஞ்சிக்கு நேர மணிய ஆட்டுது, கேட்கல. அணிலு கேட்கல. எம்புட்டு நாளாவோ."

அவள் விரல்கள் வத்தலை மூடிக்கொண்டன. தார்ப்பாயின் நுனி காற்றில் படபடத்தது. அது கேட்டது.

"பின்னாடி இருந்து கூப்பிட்டாத் திரும்ப மாட்டேங்குறீக" என்றாள், சற்று உரக்க. "எம்மேல எதோ கோவம்னு நெனச்சேன். என்ன கோவம்னு கேட்கப் பயந்துக்கிட்டு நானும் பேசாம இருந்துட்டேன்."

"நீ வாய்க்குள்ளயே பேசுறன்னு நான் நெனச்சேன்."

"கத்திக் கத்தித் தொண்ட வறண்டு போச்சு. வாய்க்குள்ள பேசுறேனாம்!"

அவள் தோள்கள் குலுங்கின. பல் தெரிந்தது. கண் சுருங்கி ஓரத்தில் நீர் மின்னியது. அழுகிறாளோ என்று அவர் பதறிக் கிட்டே போனார்.

"சிரிக்கிறியா?"

"பின்ன?"

"அப்ப இடையில நீ சிரிப்ப நிறுத்தலயா?"

"சிரிக்க என்ன வரியா போட்டிருக்கு? நான் பாட்டுக்குச் சிரிச்சுக்கிட்டுத்தான் இருந்தேன்."

அவர் தரையைப் பார்த்தார். அவள் புதுப்பெண்ணாக வந்தபோது, பெரியவர்கள் இருக்கும் வீட்டில் இப்படிக் கலீரென்று சிரிக்காதே என்று அவளை அதட்டியிருக்கிறார்கள். அதட்டல் அவர் நினைவில் இருந்தது. சிரிப்பின் சத்தத்தைத் தேடினார். எங்கோ ஆழத்தில் இருந்தது, இருந்தது என்று மட்டும் தெரிந்தது.

"ஆட்டு" என்றார். "மழ வருது."

அவள் வத்தலைக் காதருகே கொண்டுபோய் ஆட்டினாள். அவர் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"நீங்கதான் சொல்லணும்" என்றாள்.

"நான் சொன்னாப் பொய்யி. நீ சொல்லு."

"பூசணம் பிடிக்கும்பாக."

"பிடிச்சா நான் திங்கிறேன். சொல்லு."

அவள் இருபுறமும் பார்த்தாள். தலைப்பால் வாயைப் பொத்தப் போனவள் கையை இறக்கினாள். உதடு அசைந்தது.

"என்ன?"

மறுபடி அசைந்தது.

"கேட்கல உமா."

"கலீருங்குதுங்க!" என்று கத்தினாள். "காஞ்சு அஞ்சாறு நாளாச்சுங்க! கால வச்ச எடமெல்லாம் கலீர் கலீருங்குது, சொல்ல முடியாம நான் வாயப் பொத்திக்கிட்டு அலையுறேன்!"

அந்தக் கத்தல் வரப்புகளைத் தாண்டிப் போனது. மேகத்தைப் பார்த்துத் திரும்பி வந்து, பக்கத்துக் காட்டில் தார்ப்பாய் மடித்துக்கொண்டிருந்த காளீஸ்வரன் ஓடி வந்தான்.

"என்னக்கா, யாரு பாம்ப மிதிச்சது?"

"பரண்ல சாக்கு கெடக்கு, தூக்கிட்டு வாடா" என்றார் குருநாதன். "ஒங்கக்கா சொல்லிட்டா."

அவன் அக்காவைப் பார்த்தான், மச்சானைப் பார்த்தான். எதுவோ புரிந்ததுபோல ஒரு கணம் நின்றான். பிறகு வழக்கமான குரலைத் தேடி எடுத்துக்கொண்டான். "அப்ப மூடையில பூசணம் பிடிச்சா, வத்தல் விக்கிற கமிசன் கடையில பதில் சொல்ல அக்காவத்தான் கொண்டுபோயி உக்கார வைக்கணும்."

"உக்காருறேன்டா. மொதல்ல நீ ஓடு."

மூவரும் அள்ளினார்கள். நல்ல சிவப்பைத் தனியாக, வெளுத்ததைத் தனியாக. வெளுத்ததும் நிறையவே இருந்தது. அவர் அதைப் பார்த்தார், ஒன்றும் சொல்லவில்லை. உமாவும் சொல்லவில்லை. இந்த மௌனம் அவருக்குத் தெரிந்த பழைய மௌனமாக இல்லை. இதற்குள் அவள் இருந்தாள்.

கூடையிலிருந்து சாக்குக்குள் வத்தல் சரிந்தது. சிவந்த நீர்போல, ஓசையில்லாமல். அவர் சாக்கின் வாயைப் பிடித்துக்கொண்டு உமாவின் முகத்தைப் பார்த்தார்.

"எப்படி இருக்கு?"

"எது?"

"விழுகுற சத்தம்."

அவள் கூடையைச் சாய்த்தபடி யோசித்தாள். பேசிப் பழக்கமில்லாத விஷயம். முகம் சிவந்தது.

"சீர்த்தட்டுல கண்ணாடி வளையல் கொண்டாருவாகல்ல" என்றாள், அவர் காதுக்குக் கிட்டே வந்து. "தூக்கிட்டு வாரவ நட தவறி, விழாமச் சமாளிப்பாளே. அப்ப வளையலு பூராவும் ஒரு பக்கமாச் சரியுமே. அந்தமாதிரி."

அவர் கண்ணை மூடிக்கொண்டார். ஒரு தட்டு வந்தது. மஞ்சள் துணி, அதன்மேல் பச்சை வளையல்கள். தூக்கி வந்தவள் கால் இடறினாள். வளையல்கள் சரிந்தன.

முதல் துளி அவர் புறங்கையில் விழுந்தது. தெற்கே இடி உருண்டது. அது நன்றாகக் கேட்டது.

"இன்னொரு கூடை" என்றார் குருநாதன், கண்ணைத் திறக்காமல்.