புரதம் போடாத கிண்ணம்

சிஸெலும் விபெக்கேயும் ஒரே நாளில் எங்கள் ஆய்வுக்கூடத்தில் சேர்ந்தவர்கள். இருவருக்கும் வேலையும் ஒன்றுதான்: உயிரணுவைச் சுற்றியிருக்கும் சவ்வைப் போல ஒன்றைச் செயற்கையாகச் செய்து, அதன் வழியே மின்சாரம் எப்படிக் கசிகிறது என்று அளப்பது. உப்புநீர் நிரப்பிய கிண்ணத்தின் நடுச்சுவரில் ஒரு ஊசித்துளை இருக்கும். அதன்மேல் கொழுப்புக் கரைசலைத் தூரிகையால் தடவினால் சவ்வு படரும். முதலில் சோப்புக் குமிழி போல நிறம் காட்டும். பிறகு மெலிந்து கறுத்துவிடும். கறுத்தால் தயார்.

சிஸெல் தடவியது பெரும்பாலும் கறுக்கும் முன்பே கிழிந்துவிடும். விபெக்கே ரேடியோவில் பாட்டுக் கேட்டுக்கொண்டே தடவுவாள். அவளுடையது, அவள் மத்தியானம் ரை தானிய ரொட்டியும் மீனும் சாப்பிட்டுவிட்டு வரும்வரை அப்படியே நிற்கும்.

"உனக்கு மட்டும் எப்படிடி நிக்குது?" என்று சிஸெல் ஒருநாள் கேட்டே விட்டாள்.

"நீ முறைக்காம தடவு. அந்த முறைப்புக்கு இரும்பே கிழிஞ்சிடும்."

எல்லோரும் சிரித்தோம். சிஸெலும் சிரித்தாள். ஆனால் மாலையில் சைக்கிளில் வீடு போகிற வழியெல்லாம் அவளுக்கு வயிறு எரிந்தது.

அடுத்த ஆண்டு விபெக்கே, இதயத் தசையிலிருந்து பிரித்த ஒரு புரதத்தைத் தன் சவ்வில் சேர்த்தாள். அளவிடும் கருவியின் பேனா காகிதத்தில் படிக்கட்டுப் போல மேலும் கீழும் துள்ளியது. அந்தப் புரதம்தான் சவ்வின் கதவு, அது திறந்து மூடுகிறது என்று எழுதினாள். செய்தித்தாளில் படம் வந்தது. கடலைப் பார்த்த மூலை அறையும் அவளுக்கே கிடைத்தது.

"விபெக்கேயப் பேப்பர்ல பாத்தேன். அழகா இருக்கா," என்றான் சிஸெலின் கணவன் அக்ஸெல்.

"அப்ப அவளையே கட்டியிருக்கலாமே."

"அவ கேக்கலையே."

அவன் விளையாட்டாகத்தான் சொன்னான். அவளுக்குத்தான் அது விளையாட்டாகப் படவில்லை.

அதன்பின் சிஸெல் தன் சொந்த வேலையை ஓரம் கட்டினாள். விபெக்கே செய்த சோதனையை ஒவ்வொன்றாகத் திரும்பச் செய்தாள். நோக்கம் ஒன்றுதான்: எங்கேயாவது ஒரு ஓட்டை அகப்பட வேண்டும். குளிர்காலம் முழுதும் எதுவும் அகப்படவில்லை. கடைசியில், புரதமே போடாமல் வெறும் கொழுப்புச் சவ்வை வைத்து, கொழுப்பு இறுகுவதற்குச் சற்று முன்னால் உள்ள வெப்பத்தில் நிறுத்திப் பார்த்தாள். பேனா துள்ளியது. அதே படிகள், அதே உயரம். கதவு புரதத்தில் இல்லை. இளகியும் இறுகியும் தவிக்கிற கொழுப்பே தானாகத் துளை விடுகிறது!

பெரிய உண்மைதான். ஆனால் அவளுக்குள் முதலில் எழுந்தது, விபெக்கே தொலைந்தாள் என்ற குதூகலம். அந்த மூலை அறைக்குப் போய்ச் சொல்லவில்லை. கோபன்ஹேகனில் நடக்கவிருந்த ஆய்வாளர் கூட்டத்துக்காகக் காத்திருந்தாள்.

விபெக்கே மேடையில் தன் புரதக் கதவைப் பற்றிப் பேசி முடித்ததும் சிஸெல் எழுந்தாள். "புரதம் இல்லாமலே இந்தத் துள்ளல் வருது. நான் பாத்தேன்."

விபெக்கே மேடையின் ஓரத்துக்கு வந்தாள்.

"எந்த வெப்பத்துல?"

சிஸெல் சொன்னாள்.

"கிண்ணம் புதுசா?"

"புதுசு. புரதம் பட்டதே இல்ல."

விபெக்கே தன் குறிப்புகளை மூடிவைத்தாள். பிறகு அரங்கத்தைப் பார்த்து, "இவ அளந்தா அது சரியாத்தான் இருக்கும். இவ்வளவு நேரம் நான் சொன்னத எல்லாரும் மறந்திடுங்க. தப்பு என்னோடது," என்றாள்.

கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது. விபெக்கேவுக்கு!

கடல் கடந்து ஊர் திரும்பும் படகில் இருவரும் ஒரே மேசையில் உட்கார வேண்டியதாயிற்று. காபி ஆறிக்கொண்டிருந்தது.

"என் கதவத் தட்டிச் சொல்லியிருக்கலாமேடி," என்றாள் விபெக்கே.

"உன்மேல பொறாமை."

"அது ஊருக்கே தெரியும். அதுக்கு ஒரு சபையைக் கூட்டணுமா?" காபியை ஓரமாகத் தள்ளிவிட்டு, "நாளைக்கு அந்தக் காகிதத்த எல்லாம் கொண்டு வா. வெப்பத்த நீ எப்படி ஒரே அளவுல வச்சேன்னு காட்டு," என்றாள்.

கட்டுரை சிஸெலின் பெயரில் வந்தது. தன்னைச் சேர்க்க வேண்டாமென்று விபெக்கே சொல்லிவிட்டாள். அதுவே சிஸெலுக்கு வாழ்நாள் வேலையாயிற்று. வெறும் கொழுப்பு துளைவிடுவதைப் பற்றிப் பேச அவளை ஊர் ஊராக அழைத்தார்கள். போன இடத்திலெல்லாம் யாராவது ஒருவர் கிட்டே வந்து, "மேடையிலயே தப்புன்னு ஒத்துக்கிட்டாங்களே, அவங்கள உங்களுக்குத் தெரியுமா? என்ன மனுஷி!" என்பார்.

சிஸெல் பேராசிரியரான நாளில், கேக் வெட்டும்போது துறைத் தலைவரும் அந்தக் கதையைத்தான் சொன்னார். எல்லோரும் விபெக்கேயைச் சூழ்ந்துகொண்டார்கள். அவள் கூட்டத்தை விலக்கிக்கொண்டு, முகமெல்லாம் சிரிப்பாக, தட்டை நீட்டினாள்.

"பேராசிரியரே, பெரிய துண்டாப் போடுங்க."

சிஸெல் கத்தியைக் கொஞ்ச நேரம் கேக்கின் மேலேயே வைத்திருந்தாள். பிறகு கிரீம் படாத ஓரத் துண்டாகப் பார்த்து வெட்டி அவள் தட்டில் வைத்தாள்.