விக்டோரியா முனகிய மெட்டு

1

இப்போது எதற்கெடுத்தாலும் பதிவு பண்ணப் போனைத் தூக்குகிறார்கள். லாரி மோதினாலும் போன், பிணம் கிடந்தாலும் போன். என் மகன் சாம்சனும் தூக்கினான். அதனால் வந்த கதை இது. நான் எட்டாவதைத் தாண்டாதவன். இரும்பு உருக்கும் கம்பெனியில் முப்பது வருஷம் கிடந்தவன். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். முடியாதென்றால் போங்கள்.

2

முதலில் இப்படித் தொடங்கினேன்: 'கும்மிடிப்பூண்டி இயந்திரங்களின் ஓசையிலே பிறந்த இசைக்கலைஞன்...'

(அடித்துவிட்டேன். அவன் பிறந்தது பொன்னேரி ஆஸ்பத்திரியில்.)

சாம்சன் இரண்டு படத்துக்கு மியூசிக் போட்டான். ஒன்று ஓடவில்லை, இன்னொன்று வெளியே வரவேயில்லை. பிறகு டிவி சீரியல். அதில் கல்யாணம், சண்டை, சாவு, ஒவ்வொன்றுக்கும் ஒரு துண்டு மியூசிக் போட்டு வைத்துக்கொள்வார்களாம். யார் செத்தாலும் அதே துண்டுதான்.

3

அவன் அம்மா விக்டோரியா கடைசியில் ஆக்சிஜன் குழாயோடு படுத்திருந்தாள். வலி தெரியாமலிருக்க ஏதோ ஒரு மெட்டை முனகுவாள். இவன் அவள் வாயருகே போனைப் பிடித்தபடி உட்கார்ந்திருப்பான். பாசம் என்று நினைத்தேன்.

அவள் போன நாலாம் மாதம், புதுவாயல் டீக்கடை டிவியில் ஒரு வில்லி செத்தாள். பின்னால் என் விக்டோரியா முனகினாள். நான் அப்படியே...

[இந்த வரி வேண்டாம்.]

"இன்னா அண்ணாத்த, சீரியலுக்கெல்லாமா அழுவுற?" என்றான் கடைக்கார பென்னி.

(நான் அழவில்லை.)

அன்றிலிருந்து இரண்டு வருஷம் மகனோடு பேச்சில்லை.

4

போன ஞாயிற்றுக்கிழமை வந்தான். வாசலிலேயே நிறுத்திக் கேட்டேன்.

"ஆத்தா மூச்ச வித்துட்ட இல்ல?"

"இல்ல நைனா. சாவுக்கு மியூசிக் கேட்டாங்கோ. எனக்கு வேற எதுவுமே வரல."

"அதுக்குன்னு கண்டவ சாவுக்கெல்லாம் அவள முனக உடுவியா?"



"சீரியல்ல யாராச்சும் செத்தா அம்மா வருது நைனா. ஒருத்தரும் சாவாத வாரம்தான் தாங்க முடில."

அவள் முனகலை அன்று பதிந்ததை முழுசாக என் போனுக்கு அனுப்பிவிட்டுப் போனான். நாற்பது நிமிஷம். நான் திறக்கவில்லை.

5

மூன்று முடிவு எழுதிப் பார்த்தேன். ஒன்றில் அவனை உள்ளே கூப்பிட்டுச் சோறு போடுகிறேன். (பொய். அன்றைக்கு நான் உலையே வைக்கவில்லை.) இன்னொன்றில் கை நீட்டி அடிக்கிறேன். மூன்றாவதில் அந்த நாற்பது நிமிஷத்தையும் கேட்கிறேன். நடுவில் முனகல் நிற்கிறது. அவள் யாரையோ கூப்பிடுகிறாள். அது என்னையா, இல்லை...

உங்களுக்கு எது வேண்டுமோ அதைப் போட்டுக்கொள்ளுங்கள். அவன் சொன்னதை நான் இன்னும் நம்பவில்லை. போனை அரிசிப் பானைமேல் வைத்துவிட்டு வெளியே போகிறேன்.