தொட்டிக் காட்சிக்குச் சொந்தக் குரல்

கதைக்கு அவசியமென்றால் நடிகை துணியைக் கழற்றலாம் என்று மாட்ரிட்டில் தணிக்கைக்காரர்கள் இறங்கி வந்த வருஷம் அது. மறுநாளே எல்லாக் கதைக்கும் குளிக்கிற அவசியம் வந்துவிட்டது. கன்னியாஸ்திரீ கதையில்கூட ஒரு குளியல் தொட்டி.

விசித்தா லொபாத்தோவின் முகம் ஸ்பெயின் முழுக்கத் தெரியும். குரல் யாருக்கும் தெரியாது. வார்த்தையின் வாலை விழுங்கும் காதிஸ் துறைமுகப் பேச்சு அவள் நடிக்கும் பணக்கார வீட்டுப் பெண்ணுக்கு ஒட்டாது என்று, எல்லாப் படத்திலும் சுத்தமான உச்சரிப்புக்குப் பேர்போன வயதோலித் ஊர்க்காரி ஒருத்தி அவளுக்காகப் பின்னணிக் குரலில் பேசினாள். அது யாருக்கும் குறையாகப் படவில்லை, அவள் அப்பா ஃபெர்மினைத் தவிர. பார்வையில்லாத மனிதர், காதிஸ் சந்தை வாசலில் லாட்டரிச் சீட்டு விற்கிறவர். மகளின் ஒவ்வொரு படத்துக்கும் போய், யாரோ ஒருத்தியைக் கேட்டுவிட்டு வருவார்.

"நல்லா இருந்துச்சும்மா" என்பார் தொலைபேசியில். கொஞ்சம் சும்மா இருப்பார். "அந்தப் பொண்ணு நல்லாத்தான் பேசுது."

அந்தச் சும்மா இருந்த நேரம்தான் அவளைத் தின்றது.

தயாரிப்பாளர் டான் எவரிஸ்தோ அடுத்த படத்தின் தொட்டியைப் பற்றிப் பேச்செடுத்ததும் அவள் சொன்னாள்: "கழட்டுறேன். ஆனா நான்தான் பேசுவேன்."

"அம்மாடி, நீ பேசினா தியேட்டர்ல மீன் வாடை அடிக்குமே!"

"இப்ப மட்டும் உங்க படம் மணக்குதாக்கும்?"

அவர் சிரித்துவிட்டார். "சம்பளத்தக் கூட்டிக் கேளு. குரலக் கேக்காதே."

"அப்ப வயதோலித்காரியவே தொட்டியில உக்கார வைங்க. மைக் நனையாமப் பாத்துக்குங்க."

கைப்பையை எடுத்துக்கொண்டு, அவசரப்படாமல், கூப்பிட இடம் கொடுத்து நடந்தாள். கதவருகே கூப்பிட்டார். படம் முழுக்க முடியாது, ஒரே ஒரு காட்சி, எதுவென்று அவளே சொல்லலாம். அவள் தொட்டிக் காட்சியையே கேட்டாள். போய்விட்ட காதலனிடம் தனியாகப் பேசுகிற இடம். படத்திலேயே நீளமான வசனம். மலிவாக வாங்கிவிட்டோம் என்று படியிறங்கினாள்.

ஒலிப்பதிவுக் கூடத்தில் திரையில் அசையும் தன் உதட்டுக்குத் தானே பேசியபோது, அவள் கண்ணில் இருந்தது காதலன் இல்லை, சந்தை வாசல்.

காதிஸில் முதல் காட்சிக்கு முக்காட்டோடு அப்பாவின் பக்கத்தில் உட்கார்ந்தாள். தொட்டி வந்தது. "இப்பதான்பா" என்று அவர் கையைப் பிடித்தாள். திரையில் அவள் வாயைத் திறந்தாள், அரங்கம் எழுந்துவிட்டது. விசில், காலுதைப்பு, பின்வரிசையிலிருந்து "தண்ணியத் தொறந்து விடுய்யா!" முன்னால் ஒருவன் நாற்காலிமேல் ஏறிவிட்டான். அப்பா காதுக்குப் பின்னால் கையைக் குவித்துக்கொண்டு முன்னே முன்னே சாய்ந்தார். சத்தம் அடங்கியபோது தொட்டி போய்விட்டிருந்தது. திரையில் அடுத்த காட்சி; வயதோலித்காரியின் குரல் மணி அடித்த மாதிரி காப்பி கேட்டது.

வெளியே வந்ததும், "பேசினியாம்மா?" என்றார்.

"பேசினேன்பா. கத்திக் கெடுத்துட்டாங்க."

"அவனுங்க கத்தினது கேட்டுச்சே. நான் குருடன்தான், செவிடன் இல்ல."

"வசனத்த இங்கயே சொல்லட்டுமா?"

"வேணாம். உன் குரல் எனக்குத் தெரியாதா? ஊரே உக்காந்து கேக்கிற எடத்துல கேக்கணும்." கைத்தடியால் படியைத் தடவினார். "இவனுங்க உன்னப் பாத்து அலுக்கட்டும்மா. அப்புறம் வந்து கேட்டுக்கிறேன்."

நடிகைக்கு யாரும் சொல்லத் துணியாத வாழ்த்து. ஆனாலும் மறுநாளே அவள் தியேட்டர் டிக்கெட் ஜன்னல் பக்கம் போய், வரிசை குறைந்திருக்கிறதா என்று ஆசையாக எட்டிப் பார்த்தாள். தெருமுனை தாண்டி நின்றது.