தரை குடித்த இரும்பு

வெல்டர் வீட்டுத் தரை ஒரு செவ்வாய்க்கிழமை காலை இரும்பைக் குடிக்கத் தொடங்கியது. முதலில் போனது பூட்டு. சேற்றில் வைத்த கல்லைப் போல அது சிமெண்டுக்குள் அவசரமில்லாமல் அமிழ்ந்தது. ஓட்டை இல்லை, விரிசல் இல்லை, உள்ளங்கை அளவு துருக்கறை மட்டும் மிஞ்சியது. அந்த வாரத்திலேயே கத்தியும் வாணலியும் போயின. கதவின் கீல்கள் தாமாகவே கழன்று விழுந்து மறைய, கதவு வெல்டரின் தோளில் சாய்ந்தது. தெருவில் மற்ற வீடுகளுக்கு ஒன்றும் ஆகவில்லை. வந்து பார்த்தார்கள், உச்சுக்கொட்டினார்கள், சைக்கிள்களை எதிர்ப்பக்கம் நிறுத்தப் பழகிக்கொண்டார்கள். வெல்டரும் பெரிதாக அலட்டிக்கொள்ளவில்லை. கதவைக் கயிற்றால் கட்டினார். அவர் மனைவி அலுமினியச் சட்டியும் பித்தளைக் கரண்டியும் வாங்கி வந்து சமையலைப் பார்த்தாள்.

அவர்களுக்கு ஒரே மகள். ஆயத்த ஆடைக் கம்பெனியில் பட்டன் பிரிவில் வேலை. வாய் ஓயாத பெண். அந்த மாதக் கடைசியில் அவள் கம்பெனிப் படிக்கட்டில் பாதி ஏறி, பேசிக்கொண்டிருந்த பேச்சையும் பாதியில் விட்டுவிட்டு உட்கார்ந்தாள். உதடு வெளுத்திருந்தது. நகங்கள் கரண்டி போலக் குழிந்திருந்தன. மறுநாள் காலை அம்மா பாயைச் சுருட்டியபோது, மகள் ஒருக்களித்துப் படுத்திருந்த அதே வடிவத்தில் தரையில் துரு இருந்தது. சாம்பல் போட்டுத் தேய்த்தாள், போகவில்லை. தரைக்கு வேண்டியது பூட்டோ வாணலியோ அல்ல என்பது அவளுக்கு அப்போதுதான் உறைத்தது.

மகளைச் சித்தி வீட்டுக்குக் கொண்டுபோனார்கள். தரையின் தாகமும் கூடவே வந்தது. சித்தி வீட்டு கேட் முழங்கால் அளவு மண்ணுக்குள் இறங்கியதும், சித்தி அழுதுகொண்டே ஆட்டோ பிடித்துக் கொடுத்தாள். ஆஸ்பத்திரியில் ரத்தம் ஏற்றினார்கள். ஏற்ற ஏற்றக் கட்டிலுக்கடியில் தரை சிவந்தது. "ஒரு ஆளோட உடம்புல இருக்கிற மொத்த இரும்பே ஒரு சின்ன ஆணி அளவுதாம்மா. அதுகூட இவ உடம்புல நிக்க மாட்டேங்குது" என்றார் டாக்டர். அம்மா கொடுக்க முடிந்தவரை ரத்தம் கொடுத்தாள். முடியாதபோது, போன வாரம் கொடுக்கவில்லை என்று பொய் சொல்லிக் கொடுத்தாள். கட்டிலின் நான்கு கால்களும் தரைக்குள் இறங்கியதும், மற்ற நோயாளிகளை உத்தேசித்து, இவர்களை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

வெல்டர் வீட்டுக்குள்ளேயே குழி தோண்டினார். கடப்பாரை வைத்தால் கடப்பாரை போய்விடும். ஆகவே செப்புக் குழாயால் குத்தி, பலகையால் வாரி, கடைசியில் வெறுங்கையால் பறித்தார். இடுப்பளவு ஆழத்தில் செம்மண்தான் இருந்தது. குழிக்குள் குந்தி, அக்கம்பக்கத்துக்குக் கேட்காத குரலில், "அவளைக் குடுத்துடு, என்னை எடுத்துக்க" என்று மண்ணோடு பேசினார். மனைவி கைகொடுத்துத் தூக்கியபோது அவருடைய விரல்களில் நகமே இல்லை.

கல்லூரியில் கெமிஸ்ட்ரி வாத்தியாருக்கு வெல்டர் அலமாரி பற்றவைத்துக் கொடுத்த பழக்கம் உண்டு. கணவனும் மனைவியும் அவரிடம் போனார்கள். அவர் சிரிக்கவில்லை. பூமி குழம்பாகக் கொதித்துக்கொண்டிருந்த காலத்தில் இரும்பில் பெரும்பகுதி கனம் தாங்காமல் நடுவுக்கு இறங்கிவிட்டது என்றும், மேலே பாறையில் ஒட்டி நின்ற மிச்சத்தைத்தான் நாம் உருக்கிப் பிழைக்கிறோம் என்றும் சொன்னார்.

"உங்க வீட்ல அந்த மிச்சமும் கிளம்பிடுச்சு போல."

"கிளம்பாத இரும்புன்னு ஒண்ணு இருக்கா சார்?" என்று கேட்டாள் அம்மா.

வாத்தியாரின் பார்வை ஆய்வக அலமாரியிலிருந்த கண்ணாடிப் பெட்டிக்குப் போய்த் திரும்பியது. உள்ளே கைமுட்டி அளவில் ஒரு கறுப்புக் கட்டி. வானத்திலிருந்து விழுந்த கல்; இரும்பும் கொஞ்சம் நிக்கலும். உருக்கத் தெரியாத காலத்து மனிதர்கள் இதைத் தட்டித்தான் கத்தி செய்தார்கள். கீழே போகும் வழி தெரியாத இரும்பு. ஆனால் அது கல்லூரிச் சொத்து, அவர் பொறுப்பில் இருக்கிறது, கொடுக்க முடியாது. அம்மா போய் ஆய்வகத்தின் வாசலில் உட்கார்ந்தாள். மறுநாளும் வந்து உட்கார்ந்தாள்.

வாத்தியார் தாங்கமாட்டாமல் வெல்டர் வீட்டுக்கு வந்தார். செருப்பைக் கழற்றக் குனிந்தபோது நழுவி விழுந்த ஸ்கூட்டர் சாவி அவர் கண்ணெதிரே அமிழ்ந்தது. அதை விட்டுவிட்டுப் பெண்ணைப் பார்த்தார்.

"நான் பிழைக்கலைன்னா பரவால்ல சார்" என்றாள் அவள், வார்த்தைக்கு வார்த்தை மூச்சு வாங்கி. "செய்ய வேண்டியதெல்லாம் செஞ்சோம்னு அம்மாவுக்கு இருக்கணும். இல்லைன்னா அவங்க அந்தக் குழியிலேயே போய் உக்காந்துடுவாங்க."

மறுநாள் அவர் கட்டியைத் துணிப்பையில் கொண்டுவந்து தரையில் வைத்தார். நால்வரும் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். சோற்றுக்கு வைத்த உலை கொதித்து, பொங்கி, அடுப்பை அணைத்தது; யாரும் எழுந்து போகவில்லை. கட்டி வைத்த இடத்திலேயே இருந்தது. அதுவரை அழாத வெல்டர் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டார்.

வெல்டரின் பட்டறையில் அதை அரத்தால் ராவி, எலுமிச்சைச் சாற்றில் கரைத்து, சொட்டுச் சொட்டாகப் புகட்டினார்கள். உடனே ஒன்றும் நடந்துவிடவில்லை. அம்மா தினமும் பாயைச் சுருட்டப் பயந்தாள். கறை தோளை விட்டது, பிறகு இடுப்பை விட்டது, குதிகாலில் மட்டும் நெடுநாள் நின்றது. மழைக்காலம் முடிகையில் தரை சுத்தமாக இருந்தது. மகள் எழுந்து உட்கார்ந்து, படிக்கட்டில் பாதியில் விட்ட பேச்சின் மீதியைச் சொன்னாள். வீட்டில் புதுக் கீல் போட்டார்கள், அது நின்றது. போனது எதுவும் திரும்பவில்லை. காலிப் பெட்டிக்குக் கணக்குச் சொல்ல முடியாத வாத்தியாரைத் தொலைதூரக் கல்லூரி ஒன்றுக்கு மாற்றினார்கள். அவர் யாரையும் காட்டிக்கொடுக்கவில்லை.

சில வருடங்களில் மகளை ஒரு பஸ் கண்டக்டருக்கு, எதையும் மறைக்காமல் எல்லாவற்றையும் சொல்லியே கட்டிக்கொடுத்தார்கள். கல்யாணமான முதல் வாரம், மேஜையில் வைத்த இரும்பு விசிலைக் காணோமென்று அவர் சட்டைப் பையைத் துழாவிக்கொண்டிருந்தார்.

"அது மேல இருக்குங்க" என்றாள் அவள், அடுப்படியிலிருந்து.

விசில் வானத்துக்குக் கிளம்பியதுபோலக் கூரையில் ஒட்டிக்கொண்டிருந்தது. அவர் நாற்காலியில் ஏறி அதைப் பறித்து, கழுத்தில் மாட்டிக்கொண்டு, முதல் டிரிப்புக்குக் கிளம்பிப் போனார்.