கிளம்பிய பாட்டிலேயே

உம்மே ஹானிக்கு ஸ்வாஹிலியில் சேர்ந்தாற்போல் நாலு வார்த்தை வராது. ஆனாலும் திருவல்லிக்கேணி வீட்டின் பின்னறையில் உட்கார்ந்து அவள் மிக்ஸ் செய்யும் ஸ்வாஹிலி டான்ஸ் வீடியோக்களுக்குத் தான்சானியாவில் தனிக் கூட்டமே இருந்தது. நிமிஷத்துக்கு ஒரு பாட்டு, அலுப்பதற்குள் அடுத்தது. ஆள் முன்னால் மட்டும் அவள் மிக்ஸ் செய்ததில்லை. வீட்டில் தப்பினால் அழித்துவிடலாம், சபையில் அழிக்க முடியுமா என்பாள்.

அந்த ரசிகர்களில் ஒருத்தி, ஸுஹ்ரா, அம்மாவின் புற்றுநோய் வைத்தியத்துக்காக அடையாறுக்கே வந்து சேர்ந்தாள். ஊரில் அவளுக்கு அடுத்த மாதம் கல்யாணம். அம்மாவால் விமானம் ஏற முடியாது. அதனால் பெண்ணை வழியனுப்பும் விருந்தை மட்டும் தங்கியிருந்த விடுதியின் ஹாலிலேயே வைத்துக்கொண்டார்கள்.

"அம்மா ஆடிக்கிட்டே வந்து எனக்குத் துணி தரணும். அது ஒண்ணு போதும்" என்று, பாட்டுப் போடக் கூப்பிட்டபோது ஸுஹ்ரா உம்மே ஹானியிடம் இங்கிலீஷில் சொல்லியிருந்தாள்.

உம்மே ஹானி முன்பே செய்து முடித்த வீடியோவைக் கொண்டுபோனாள். பொத்தானை அமுக்கிவிட்டு ஒதுங்கிக்கொள்ளலாம். பயந்தவளுக்கு ஆயிரம் வழி!

சுவரில் படம் ஓட, பாட்டு தொடங்கியதும் அம்மா எழுந்தாள். பூப்போட்ட துணியை மடித்துத் தலையில் வைத்துக்கொண்டு இரண்டடி ஆடினாள், நின்று மூச்சு வாங்கினாள், மறுபடி ஆடினாள். பாதி ஹாலைத் தாண்டவில்லை, பாட்டு மாறிவிட்டது. அம்மா அப்படியே நின்றாள். பரிசு கொண்டுவருகிறவர் கிளம்பிய பாட்டிலேயே போய்ச் சேர வேண்டும், அடுத்த பாட்டு அடுத்தவருக்கு என்பது அவர்கள் வழக்கம். யாரோ நாற்காலியை இழுத்துப் போட்டார்கள். அம்மாவின் முகம் சுண்டிப்போனது.

ஸ்பீக்கர் தூக்கி வந்த அண்ணன் காஷிஃப் ஓடி வந்தான். "இன்னா ஹானி, பாட்ட மாத்திட்ட? அந்தம்மா பாதில நின்னுகினு கீது பாரு!"

"நான் மாத்தல பாய். அது ரெடி பண்ணி வெச்ச வீடியோ, தானா மாறுது."

"அப்ப அத நிறுத்திட்டுக் கையால போடு. வூட்ல போட மாட்ட?"

உம்மே ஹானிக்கு வெட்கமாக இருந்தது. அந்த அம்மாவுக்கு இருந்த துணிச்சலில் கால்வாசி தனக்கு இல்லையே என்று தன்மேலேயே கோபம் வந்தது. வீடியோவை நிறுத்தினாள். லாப்டாப்பில் அம்மா கிளம்பிய பாட்டைத் தேடி எடுத்துப் போட்டாள். அது முடியப்போகும் இடத்தில் அதன் தொடக்கத்தையே கொண்டுவந்து சேர்த்தாள். விரல் முந்திவிட, தாளம் இடறியது. சுவரில் தெரிந்த படமும் ஒரு குதி குதித்தது. எல்லோருக்கும் தெரிந்த தப்புதான். அம்மாவின் கால் அந்த இடறலையும் சேர்த்தே ஆடியது.

அடுத்த தடவை சேர்த்த இடமே தெரியவில்லை. சுவரில் கடற்கரைப் பெண் ஒருத்தி திரும்பத் திரும்பச் சுற்றினாள். அம்மா நிற்கும்போதெல்லாம் பாட்டு அவளுக்காகக் காத்திருந்தது. கடைசியில் துணி ஸுஹ்ராவின் தோளில் ஏறியது. ஸுஹ்ரா அம்மாவைக் கட்டிக்கொண்டு அழுதாள். உம்மே ஹானிக்கும் கண் நிறைந்துவிட்டது.

முடிந்ததென்று அவள் ஒலியைக் குறைக்கப் போனாள். மகளின் தோளுக்கு மேலாக அம்மா இவளைப் பார்த்து ஒரு விரலைச் சுழற்றிக் காட்டினாள். மறுபடி போடச் சொல்கிறாள். கொண்டுவந்து வைத்த நாற்காலியைக் கையால் ஒதுக்கிவிட்டு, வந்த வழியே ஆடிக்கொண்டு திரும்பினாள்.