அப்பாவுக்கு ஒரு தேன் பாட்டில்

என் அப்பா முப்பது வருடமாகக் கல்யாணங்களுக்குச் சமைக்கிறார். எந்தக் கல்யாணத்திலும் உட்கார்ந்து சாப்பிட்டதில்லை. கூட்டம் கலைந்த பிறகு, பாத்திரத்தின் அடியில் இருப்பதை வழித்து நின்றபடியே சாப்பிடுவார். அம்மா இருந்தவரை சொல்லிப் பார்த்தாள். பிறகு அவளும் நின்றுகொண்டே சாப்பிடப் பழகிவிட்டாள்.

அதனால் என் கல்யாணத்தில் எனக்கு ஒரே ஆசைதான். அப்பா என் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து சாப்பிட வேண்டும். அவர் கையில் கரண்டி இருக்கும்வரை அது நடக்காது. ஆகவே சமையலை நெட்டையிடம் கொடுத்தேன்.

நெட்டை அடுத்த தெருவில் இருக்கிற போட்டிக்காரர். அப்பாவைப் பொறுத்தவரை அவருக்கு வெந்நீர் வைக்கக்கூடத் தெரியாது.

"அவனா?" என்றார் அப்பா. மூன்று நாளைக்கு அவ்வளவுதான் பேச்சு. நான் ஒற்றைக் காலில் நின்றேன். நாலாம் நாள், "ருசி பாக்க எப்பப் போகணும்?" என்றார்.

நெட்டை ஒன்பது கிண்ணங்களை வரிசையாக வைத்தார். அப்பா சூப்பை ஒரு வாய் குடித்தார். "சூடா இருக்கு." கறியை வெகுநேரம் மென்றார். "வெந்திருக்கு." நெட்டை அவர் வாயையே பார்த்துக்கொண்டு நின்றார். எனக்குப் பாவமாக இருந்தது.

அடுத்தது வருகிறவர்களுக்குக் கொடுக்கும் பரிசு. அத்தை வாசனை மெழுகுவத்தி என்றாள்.

"சாப்பிடற எடத்துல சாப்பாட்டு வாசனைதான் வரணும். மரக்கரண்டி குடுக்கலாம்" என்றார் அப்பா.

"வந்தவங்களை வேலைக்கு அனுப்பற மாதிரி இருக்குண்ணா."

கடைசியில் உள்ளங்கை அளவு தேன் பாட்டில் என்று முடிவானது. ஒவ்வொன்றிலும் ஒரு பெயர்ச்சீட்டு. யார் பாட்டில் எங்கே இருக்கிறதோ அங்கேதான் அவர் உட்கார வேண்டும். பட்டியல் போடுவதை அப்பா கேட்டு வாங்கிக்கொண்டார். தலை எண்ணுவதில் அவரை மிஞ்ச ஆளில்லை. இருநூற்றுப் பன்னிரண்டு பேர். சீட்டுகளையும் அவரே எழுதினார், கல்யாணத்தன்று மேசைகளிலும் அவரே வைத்தார். கை சும்மா இருந்தால் அடுப்பங்கரைக்குப் போய்விடுவாரே என்று நானும் விட்டுவிட்டேன். அது என் தப்பு.

எல்லோரும் உட்கார்ந்தார்கள். எனக்கு இந்தப் பக்கம் மாப்பிள்ளை, அந்தப் பக்கம் அத்தை. அப்பா சுவரோரம் நின்றிருந்தார்.

"உங்க பாட்டில் எங்கப்பா?"

நிஜமாகவே யோசித்தார். "இருநூத்திப் பன்னெண்டு. கணக்கு சரியாத்தான் இருக்கு."

"அதுல நீங்க உண்டா?"

அவர் முகத்தில் ஈயாடவில்லை. சாப்பிடுகிறவர்களைத்தான் அவர் எண்ணுவார். அந்தக் கணக்கில் அவர் என்றைக்குமே சேர்த்தியில்லை. எனக்கு அழுகை வந்தது. அதைவிட அதிகமாகக் கோபம் வந்தது.

"நான் அப்புறமா சாப்ட்டுக்கறேம்மா."

அப்போது நெட்டை அடுப்பங்கரையிலிருந்து ஒரு தேன் பாட்டிலோடு வந்தார். அதன் சீட்டில் 'நெட்டை' என்றே எழுதியிருந்தது. அவருடைய நிஜப் பெயர் அப்பாவுக்குத் தெரியாது.

"அண்ணே, இது கடைசி மேசையில இருந்துச்சு. நீங்களா எழுதினீங்க?"

"ஆமா."

"எந்தக் கல்யாணத்துலயும் என்னை யாரும் எண்ணினதில்லண்ணே."

"தெரியும். அதான் எழுதினேன்."

நெட்டை மாப்பிள்ளையிடம் பேனா வாங்கி, சீட்டைத் திருப்பி 'பொண்ணோட அப்பா' என்று எழுதி, எனக்கும் அத்தைக்கும் நடுவில் பாட்டிலை வைத்தார். அத்தை தானாகவே நகர்ந்து உட்கார்ந்தாள். அப்பா உட்கார்ந்தார். உட்கார்ந்தவர் எட்டி இன்னொரு நாற்காலியை இழுத்துப் போட்டு, "நீயும் உக்காரு" என்றார். நெட்டையும் உட்கார்ந்துவிட்டார்.

இதில் ஒரு சிக்கல். நெட்டை தலையசைக்காமல் அவருடைய ஆட்கள் கரண்டியைத் தொடமாட்டார்கள். உட்கார்ந்தவருக்கு அந்த நினைவே இல்லை. கூடம் முழுக்க வெறும் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தது. பொறுத்துப் பார்த்துவிட்டு நானே எழுந்து, கல்யாணக் கோலத்தோடு போய்ச் சோற்றையும் கறியையும் எடுத்துவந்து, கரண்டியால் அப்பாவின் தட்டில் போட்டேன்.

ஒரு வாய் சாப்பிட்டார். "உப்பு கம்மி" என்று நெட்டையிடம் சொல்லிவிட்டு, இன்னும் கொஞ்சம் போடச் சொல்லித் தட்டை நீட்டினார்.

அவர் பக்கத்து நாற்காலி காலியாக இருந்தது. அது என்னுடையது.

"உக்காரும்மா" என்றார்.

"நான் அப்புறமா சாப்ட்டுக்கறேம்பா" என்றேன்.

சொன்ன பிறகுதான் எனக்கு உறைத்தது. கரண்டியை அத்தை கையில் கொடுத்துவிட்டு உட்கார்ந்தேன்.